தேய்ந்த குடம்

எங்கள் வீட்டுக் காரில் ஏதாவது புதுச் சத்தம் கேட்டால் அதை முதலில் கண்டுகொள்கிறவள் என் மனைவிதான். எனக்குக் கேட்காது. கேட்டாலும் கேட்காத மாதிரி இருந்துவிடுவது என் சுபாவம். சத்தம் என்று ஒப்புக்கொண்டால் ஒர்க்‌ஷாப் என்று அர்த்தம். ஒர்க்‌ஷாப் என்றால் செலவு என்று அர்த்தம்.

சென்ற தை மாதம் ஆம்பூரில் ஒரு கல்யாணத்துக்குப் போய்க்கொண்டிருந்தோம். பள்ளிகொண்டா தாண்டியதும், "அந்த வண்டு மறுபடியும் வந்துவிட்டது" என்றாள் அவள்.

உண்மைதான். முன்பக்கம் எங்கேயோ ஒரு கருவண்டு குடைகிறாற்போல் ஒரே சீராக ஒரு முனகல். வேகத்தைக் கூட்டினால் அதுவும் கூடியது, குறைத்தால் குறைந்தது. இதே சத்தத்துக்காக நாலு மாதத்துக்கு முன்புதான் சென்னையில் ஓர் ஒர்க்‌ஷாப்பில் முன் சக்கரங்களின் பேரிங்குகளை மாற்றி, பில்லும் கொடுத்திருந்தேன்.

எங்கள் கார் ஒரு ஸ்டாண்டர்டு ஹெரால்டு. இந்தக் காலத்துப் பிள்ளைகள் பார்த்திருக்க மாட்டார்கள். இங்கிலாந்தில் 1959-இல் வெளிவந்த வண்டி அது. மிக்கெலோட்டி என்ற இத்தாலியர் உருவம் வரைந்து கொடுத்தார். 1961 முதல் நம் சென்னைக்கு அருகிலேயே, வண்டலூர்ப் பக்கத்துத் தொழிற்சாலையில் செய்தார்கள். அந்தத் தொழிற்சாலையும் 1980-களின் முடிவில் மூடிக்கிடந்தது. முன்பக்கத்து மூடி முழுவதும் பெட்டி மாதிரி முன்னால் கவிழ்ந்து திறந்துகொள்ளும். மூடியைத் திறந்துவிட்டு, டயர் மேலேயே உட்கார்ந்துகொண்டு எஞ்சின் வேலை பார்க்கலாம். 25 அடி வட்டத்துக்குள் முழுத் திருப்பம் திரும்பும். நான் பிறப்பதற்கு முன்பே அப்பா அதை இரண்டாம் கையாக வாங்கினார். அவர் போன பிறகு, வீட்டோடு சேர்ந்து அதுவும் எனக்கு வந்தது. கூடவே ஒரு நோட்டுப் புத்தகமும் வந்தது. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

கல்யாண வீட்டில் பிரியாணியும் கத்தரிக்காய்த் தொக்கும் முடிந்த கையோடு, பெண்ணுக்குச் சிற்றப்பா முறையான ஒருவர் என்னை ஒரு பாயிடம் அழைத்துக்கொண்டு போனார். பைபாஸிலிருந்து உள்ளே தள்ளி, தோல் மண்டி ஒன்றின் பின்சுவரை ஒட்டித் தகரக் கொட்டகை. பாய்க்கு எழுபது வயதுக்குக் குறையாது. ஹெரால்டைக் கண்டதும் அவர் முகத்தில், ஊரை விட்டுப் போன சொந்தக்காரன் திரும்பி வந்தாற்போல் ஒரு சிரிப்பு.

"பேரிங் மாத்தியாச்சு பாய். மறுபடியும் சத்தம் வருது" என்றேன்.

"மாத்தினது இருக்கட்டும் சார். முதல்ல சத்தத்தைக் கேப்போம்" என்று பக்கத்து இருக்கையில் ஏறி உட்கார்ந்தார்.

சர்வீஸ் ரோட்டில் நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் போகச் சொன்னார். பிறகு பாம்பு போல வலமும் இடமுமாக வளைத்து ஓட்டச் சொன்னார். நான் தயங்கினேன். "யாரும் வரலை, ஓட்டுங்க" என்றார். வலது பக்கம் திரும்பும்போது முனகல் உரத்தது. இடது பக்கம் திரும்பும்போது அடங்கியது.

"இடது சக்கரம்" என்றார் பாய்.

வலது பக்கம் திரும்பினால் சத்தம், நோய் இடது பக்கமா என்று கேட்டேன். அவர் விளக்கினார். பஸ் வலது பக்கம் திரும்பும்போது நாம் இடது பக்கத்து ஆள் மேல் சாய்கிறோம் அல்லவா? காரின் பாரமும் அப்படித்தான் இடது சக்கரத்தின் மேல் சாய்கிறது. பாரம் ஏறும்போது முனகுகிற சக்கரம் எதுவோ அதுதான் நோயாளி.

கொட்டகைக்குத் திரும்பியதும் ஜாக்கி வைத்துச் சக்கரத்தைத் தூக்கினார். கடிகாரத்தில் பன்னிரண்டு மணியும் ஆறு மணியும் இருக்கிற இடங்களில் டயரை இரண்டு கையாலும் பிடித்து, உள்ளே ஒரு தள்ளு, வெளியே ஓர் இழுப்பு. சக்கரம் பல் ஆடுவதுபோல் ஆடிற்று. உடனே தீர்ப்புச் சொல்லிவிடவில்லை அவர். "பிரேக்கை அழுத்திப் பிடிங்க சார்" என்றார். அழுத்தினேன். மறுபடியும் ஆட்டிப் பார்த்தார். ஆட்டம் நின்றுவிட்டது.

இது ஒரு நல்ல தந்திரம். கார் வைத்திருப்பவர்கள் தெரிந்துகொள்ளலாம். பிரேக் பிடித்தால் சக்கரமும் அதைத் தாங்கும் பாகமும் ஒன்றாகக் கட்டுப்பட்டுவிடுகின்றன. அதற்குப் பிறகும் ஆடினால் கோளாறு பால் ஜாயின்ட் போன்ற மற்ற மூட்டுகளில். ஆட்டம் நின்றுவிட்டால், சந்தேகமே வேண்டாம், கோளாறு ஹப்புக்குள்ளே.

ஹப் என்பதை நம் வண்டிக்காரர்கள் குடம் என்பார்கள். நடுவில் குடம், குடத்திலிருந்து ஆரக்கால்கள், ஆரக்கால்களைச் சுற்றி வட்டை, குடத்தின் நடுவில் அச்சு, குடம் கழன்று போகாமல் கடையாணி. சங்கப் பாடல்களில் குடத்துக்குக் குறடு என்ற பெயர் வருகிறது. ஆக, காரில் இங்கிலீஷ் பெயரில் இருப்பது நமக்கு இரண்டாயிரம் வருஷப் பழக்கம்.

பாய் தொப்பி போன்ற கிரீஸ் மூடியைத் தட்டி எடுத்தார். காட்டர் பின்னை நிமிர்த்தி உருவினார். கோட்டை மதில் மாதிரிப் பல் வெட்டிய நட்டைக் கழற்றினார். டிரம்மையும் குடத்தையும் வெளியே இழுத்தார். உள்ளே இரண்டு பேரிங்குகள், பெரியது உள்பக்கம், சிறியது வெளிப்பக்கம். ஒவ்வொன்றிலும் ஒரு கோன், ஒரு கப். கோன் அச்சின் மேல் அசையாமல் உட்காரும். கப் குடத்துக்குள் இறுகி உட்கார்ந்து குடத்தோடு சுற்றும். நடுவில் சாய்வான உருளைகள். கப்பை வெளியே எடுக்க வேண்டுமானால் பித்தளைத் தண்டு வைத்து, இந்தப் பக்கம் ஓர் அடி, எதிர்ப்பக்கம் ஓர் அடி என்று மாற்றி மாற்றித் தட்ட வேண்டும். அவ்வளவு இறுக்கமாக இருப்பதுதான் அதற்கு லட்சணம்.

பாய் சுத்தியலை எடுக்கவே இல்லை. குடத்தைக் கவிழ்த்தார். கப் தானாகக் கழன்று, 'டிங்' என்று சிமென்டுத் தரையில் விழுந்து உருண்டது.

அவர் அதை எடுத்து மண்ணெண்ணெயில் அலம்பி வெளிச்சத்தில் பார்த்தார். "பேரிங் நல்லாத்தான் இருக்கு சார். வீடுதான் இடிஞ்சிருக்கு" என்றார்.

குடத்தின் உட்சுவரைத் துணியால் துடைத்துக் காட்டினார். வழவழவென்று தேய்ந்திருந்தது. அங்கங்கே அம்மைத் தழும்பு போல் சிறு பள்ளங்கள். முன்னால் எவனோ சென்டர் பஞ்சால் குத்தியிருக்கிறான் என்றார். குத்தினால் பள்ளத்தைச் சுற்றிலும் இரும்பு கொஞ்சம் மேலே எழும்பும்; அந்தக் கரடு கப்பைப் பிடித்துக்கொள்ளும். நாலு மாதம் பிடித்துக்கொள்ளும். பிறகு கரடும் தேய்ந்துவிடும். எனக்குப் பில் கொடுத்தவர்கள் செய்த சிகிச்சை இதுதான் என்று விளங்கிற்று.

கப் ஏன் இவ்வளவு இறுகி இருக்க வேண்டும்? காரின் பாரம் எப்போதும் ஒரே திசையில் அழுத்துகிறது. கோன் சுற்றுவதில்லை, பாரம் அதன் ஒரே பக்கத்தில் விழுகிறது. அதற்குக் கொஞ்சம் இளக்கம் இருந்தாலும் பாதகமில்லை. கப்போ குடத்தோடு சுற்றுகிறது. அதன் ஒவ்வொரு பாகமும் வரிசையாக வந்து பாரத்தின் கீழ் நசுங்கிவிட்டுப் போகிறது. குடத்துக்கும் கப்புக்கும் இடையே மயிரிழை சந்து கிடைத்தால் போதும், ஒவ்வொரு சுற்றிலும் கப் ஓர் அணு அளவு நழுவும். நழுவுகிற இரும்பு தேய்க்கும். தேய்ந்த இடம் இன்னும் நழுவ இடம் கொடுக்கும். புதுப் பேரிங் போட்டால் தீராது. குடத்தையே மாற்ற வேண்டும்.

வலது பக்கத்தையும் கழற்றிப் பார்த்தார். அது இன்னும் இடியவில்லை. ஆனால் கப் விரலால் தள்ளினால் நகர்ந்தது. இரண்டு குடமும் வேண்டும் என்று முடிவாயிற்று. புதுக் குடம் எந்தக் கடையிலும் கிடைக்காது. சென்னையில் புதுப்பேட்டைக்குப் போய்ப் பழைய வண்டிகளிலிருந்து கழற்றியவற்றைத் தேட வேண்டும்.

வண்டியையும் மனைவியையும் ஆம்பூரிலேயே விட்டுவிட்டு மறுநாள் காலையில் ரெயில் ஏறினேன்.

ஜன்னலுக்கு வெளியே பாலாறு கூடவே வந்தது. பாலாறு என்றால் தண்ணீர் என்று நினைத்துவிடக் கூடாது, மணலும் முள்ளும்தான். கரைமேடுகளில் ஆவாரஞ்செடி மஞ்சளாகப் பூத்திருந்தது. இந்தப் பக்கத்துத் தோல் தொழிலுக்கு மூலதனம் அந்தச் செடிதான். ஆவாரம்பட்டையும் கொன்னைப்பட்டையும் ஊறின தண்ணீரில் தோலைப் போட்டுப் பதப்படுத்தி, கடுக்காய்த் தண்ணீரில் முடிப்பது பழைய முறை. அப்படிப் பதப்படுத்திய தோல், 'ஈஸ்ட் இந்தியா கிப்' என்ற பெயரில் லண்டன் சந்தைக்குப் போயிற்று. முதல் உலக யுத்தத்தில் பிரிட்டிஷ் சிப்பாய்களின் பூட்ஸுக்கு மேல்தோலாக வேண்டும் என்று அரசாங்கமே இந்தத் தோலை மொத்தமாக வாங்கியது.

அந்தத் தோல் முதலில் எப்படி மண்டிக்கு வந்தது? மாட்டு வண்டியில். வண்டிக்கு அடியில் ஒரு மூங்கில் குழாய் தொங்கும். அதில் வண்டி மை இருக்கும். வைக்கோலைக் கருக்கி விளக்கெண்ணெயில் குழைத்தது. பிரயாணத்துக்கு முன்னால் கடையாணியைப் பிடுங்கி, சக்கரத்தைக் கொஞ்சம் வெளியே இழுத்து, அச்சில் மையைத் தடவுவான் வண்டிக்காரன். அதைச் செய்யாத சோம்பேறியின் வண்டி கிறீச் கிறீச் என்று ஊரைக் கூட்டும். மை இல்லாமல் ஓட்டினால் குடத்துக்குள் இருக்கும் இரும்புப் பட்டை தேயும். பட்டை தேய்ந்த பிறகும் ஓட்டினால் குடம் தேயும். குடம் போனால் சக்கரமே போயிற்று. ஆரக்கால்கள் எல்லாம் அதில்தானே குத்தி நிற்கின்றன? தச்சனிடம் போய் முழுச் சக்கரத்துக்கும் காசு கொடுக்க வேண்டியதுதான்.

வாலாஜா ரோடு ஸ்டேஷனில் வண்டி நின்றது. நம்மில் பலர் இந்த ஸ்டேஷனைத் தூங்கிக்கொண்டே கடந்துவிடுகிறோம். தென்னிந்தியாவின் முதல் ரெயில் 1856-ஆம் வருஷம் ஜூலை மாதம் 1-ஆம் தேதி ராயபுரத்திலிருந்து புறப்பட்டு வந்து சேர்ந்த இடம் இதுதான். சுமார் 100 கிலோமீட்டர். அந்த ரெயில் பெட்டிகளின் அச்சு முனைகளில் உருளையும் கிடையாது, குண்டும் கிடையாது. அச்சின் மேல் ஒரு பித்தளைக் கவசம் உட்கார்ந்திருக்கும். கீழே எண்ணெயில் ஊறிய நூற்கழிவைத் திணித்திருப்பார்கள். எண்ணெய் வற்றினால் அச்சு காய்ந்து, புகைந்து, சில சமயம் தீப்பிடிக்கும். வண்டி நின்றதும் ஓர் ஆள் ஒவ்வொரு அச்சுப் பெட்டியாகக் கையை வைத்துச் சூடு பார்த்துக்கொண்டு போவது அந்தக் காலத்து ஸ்டேஷன் காட்சிகளில் ஒன்று.

உருளுகிற பேரிங் அப்போது உலகத்துக்குத் தெரியாததல்ல. வேல்ஸ் தேசத்தில் கார்மார்தன் என்ற ஊரில் பிலிப் வான் என்ற இரும்பு உலைக்காரர், வண்டி அச்சுக்கு இரும்புக் குண்டுகள் வைக்கும் யோசனைக்கு 1794-லேயே பேடண்ட் வாங்கிவிட்டார். ஆனால் எல்லாக் குண்டும் ஒரே அளவாக இருந்தால்தான் பாரத்தை எல்லாம் சேர்ந்து சுமக்கும். ஒன்று பெரிதாக இருந்தால் அது ஒன்றே சுமந்து உடையும். ஒரே அளவுக் குண்டுகளை ஆயிரக்கணக்கில் அரைத்தெடுக்கும் யந்திரத்தை ஜெர்மனியில் ஷ்வைன்ஃபூர்ட் நகரத்து ஃபிரீட்ரிக் ஃபிஷர் 1883-இல் செய்த பிறகுதான் சைக்கிளுக்கும் மோட்டாருக்கும் விமோசனம் வந்தது.

என் காரில் இருப்பது சாய்வான உருளை. அது ஹென்றி டிம்கன் என்பவரின் யோசனை. அவர் அமெரிக்காவில் செயின்ட் லூயிஸ் நகரத்தில் குதிரை வண்டி செய்துகொண்டிருந்தவர். மோட்டார்காரர் அல்ல என்பதைக் கவனிக்க வேண்டும். வண்டி நேராகப் போகும்போது சக்கரத்தின் மேல் பாரம் மேலிருந்து மட்டும் விழுகிறது. திரும்பும்போது பக்கவாட்டிலும் தள்ளுகிறது. நேர் உருளை பக்கவாட்டுத் தள்ளலைத் தாங்காது. உருளையை ஒரு முனை பருத்து, ஒரு முனை சிறுத்துச் சாய்வாக வைத்தால் இரண்டையும் தாங்கும். 1898-இல் இதற்குப் பேடண்ட் வாங்கினார். இன்றைக்கும் நம் லாரிகளின் குடங்களில் இருப்பது அதே தத்துவம்தான். திருப்பத்தில் பாய் என் காரின் நோயைக் கண்டுபிடித்ததும் அதே தத்துவத்தை வைத்துத்தான்.

புதுப்பேட்டையில் அரைநாள் அலைந்தேன். கடைசியில் ஒரு சந்துக்குள், பழைய டயர்களுக்குப் பின்னாலிருந்து ஒரு பையன் நாலு குடங்களை எடுத்துப் போட்டான். பாய் எனக்கு ஒரு சோதனை சொல்லி அனுப்பியிருந்தார்: பழைய கப் ஒன்றைக் கையில் எடுத்துப் போ, குடத்தில் வைத்துக் கைவிரலால் அழுத்து, உள்ளே போய்விட்டால் கும்பிடு போட்டுவிட்டு வா, போக மறுத்தால் வாங்கு. இரண்டு குடங்கள் மறுத்தன. அவற்றை வாங்கிக்கொண்டேன். புதுப் பேரிங்குகள் மவுண்ட் ரோட்டில் சுலபமாகக் கிடைத்தன. கிடைக்காதது ஒன்றே ஒன்று. அது ஒரு வளையம். கம்பளியை அமுக்கிச் செய்த ஃபெல்ட் வளையம்.

குடத்தின் உள்வாயை மூடுகிற வளையம் அது. கிரீஸ் வெளியே வழியாமல், மழைத் தண்ணீரும் புழுதியும் உள்ளே போகாமல் காப்பது அதன் வேலை. எண்ணெயில் நனைத்துப் பிழிந்து ஒட்டிவிட வேண்டும். காசுக்குப் பெறாத சாமான். இது கெட்டால்தான் கிரீஸ் கெடும். கிரீஸ் கெட்டால் பேரிங் கெடும். பேரிங் இறுகிக் கப்பைப் பிடித்துத் திருப்பினால் குடம் கெடும்.

வெறுங்கையோடு திரும்பி வந்து இதைச் சொன்னபோது பாய் சிரித்தார். "ஆம்பூர்ல உக்காந்துக்கிட்டு வளையத்துக்கு அழுவறதா? எங்க அத்தா காலத்துல இது எல்லாமே தோலு சார்" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆனால் யோசித்துப் பார்த்தால் அதிசயமில்லை. சைக்கிளுக்குக் காற்றடிக்கும் பம்புக்குள் இருந்தது என்ன? தோல் வாஷர். மண்ணெண்ணெய் ஸ்டவ் பம்புக்குள் இருந்தது? அதே தோல் வாஷர். காய்ந்துபோனால் அம்மா தேங்காய் எண்ணெய் தடவி விரலால் விரித்துவிடுவாள். 1970-களிலிருந்து ஊர் ஊராக வந்த இந்தியா மார்க்-2 கைப்பம்பின் கிணற்றுக்குள்ளேயும் தண்ணீரைப் பிடித்துத் தூக்கியது தோல் வாஷர்தான். ரப்பர் பெட்ரோலுக்கும் எண்ணெய்க்கும் ஊதி இளகிவிடும். தோல் எண்ணெயைக் குடிக்கும்; குடித்து மிருதுவாகும்; இரும்போடு ஒட்டி நிற்கும். மோட்டார் கார்கள் வந்த காலத்தில் சக்கரக் குடத்தைக் காக்கும் வேலை தோலுக்கும் கம்பளிக்கும் போயிற்று.

இந்தச் சரித்திரத்தில் இரண்டு தோல்காரர்கள் வருகிறார்கள். ஒன்று சிகாகோ ராஹைட் கம்பெனி. 1878-இல் தொடங்கி, யந்திரங்களுக்குத் தோல் வார் செய்துகொண்டிருந்தார்கள். வார் வியாபாரம் நிரந்தரமல்ல என்று கண்டு, 1920-களின் இறுதியில் மோட்டார் அச்சுகளுக்குத் தோல் வளையம் செய்யத் தொடங்கினார்கள். 1990-இல் ஸ்வீடன் தேசத்துப் பேரிங் கம்பெனியான எஸ்.கே.எஃப். அவர்களை விலைக்கு வாங்கிற்று. காவல் வளையத்தையும் தன் வீட்டிலேயே வைத்துக்கொண்டது.

இன்னொருவர் ஜெர்மனியில் வைன்ஹைம் நகரத்தில் 1849-இல் தோல் பதனிடத் தொடங்கிய கார்ல் ஃபிராய்டன்பர்க். நம் ஆம்பூர் முதலாளி மாதிரிதான் அவரும்: பட்டைச்சாறு, தொட்டி, ஆட்கள். 1929-இல் உலகமெங்கும் வியாபாரம் படுத்தபோது அந்தக் குடும்பத்தின் தோலும் தேங்கிப்போயிற்று. தோலிலிருந்தே யந்திர வளையம் வெட்டத் தொடங்கினார்கள். வால்டர் ஸிம்மர் என்ற ஆஸ்திரிய எஞ்சினீயர், தோல் உதட்டை ஓர் உலோகக் கூட்டுக்குள் அடக்கி, அந்த உதடு அச்சை எப்போதும் தழுவி நிற்கும்படி ஒரு வளையம் வகுத்தார். 1930-களின் தொடக்கத்தில் அது ஃபிராய்டன்பர்க் தொழிற்சாலையில் தயாராயிற்று. 1936-இல் தோலின் இடத்தில் எண்ணெய்க்கு இளகாத செயற்கை ரப்பர் வந்துவிட்டது.

தோல் ஏன் தோற்றது? சூட்டினால். பட்டையில் பதப்படுத்திய தோல் நனைந்த நிலையில் ஏறக்குறைய 80 டிகிரி சூட்டில் சுருங்கிவிடும். குரோம் உப்பில் பதப்படுத்தியது கொதிநீரையும் தாங்கும். குரோம் முறையை இந்த நூற்றாண்டுக்கு முந்தைய நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆல்பிரட் சாட்டர்டன் என்ற அதிகாரி சென்னையில் சோதித்துப் பரப்பினார். கவலைச்சால் தண்ணீரில் அழுகாமல் இருக்க வேண்டும் என்பது அவர் கவலைகளில் ஒன்று. நம் குரோம்பேட்டைக்குப் பெயர் வந்ததே குரோம் தோல் கம்பெனியால்தான். ஆனால் வேகம் கூடக் கூட, குரோம் தோலுக்கும் அந்தச் சுழற்சியும் வறட்சியும் கட்டுப்படியாகவில்லை.

வைன்ஹைம் தோல்காரர்கள் ரப்பருக்கு மாறி, உலகமெங்கும் வளையம் விற்று, 2002-இல் தோல் பதனிடுவதையே நிறுத்திவிட்டார்கள். நம் பாலாற்றுக் கரைக்காரர்கள் வெகுகாலம் பாதி பதப்படுத்திய தோலையே மூட்டை கட்டி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். புத்தி குறைவு என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. பாதி பதத்தில் வாங்கி, மீதியைத் தாமே முடித்து லாபம் பார்ப்பது அன்றைய லண்டன் சந்தையின் வழக்கம். வாங்குகிறவன் கேட்பதைத்தானே விற்க முடியும்? 1970-களின் தொடக்கத்தில் மத்திய அரசாங்கம் கச்சாத் தோல் ஏற்றுமதியைத் தடுத்து, பாதித் தோலுக்கும் அளவு வைத்த பிறகுதான் ஆம்பூரும் வாணியம்பாடியும் ராணிப்பேட்டையும் முழுத்தோலுக்கும் பூட்ஸுக்கும் திரும்பின. இன்று அந்த ஊர்களில் காலையில் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கும் பெண்களின் கூட்டத்தைப் பார்த்தால், அந்த மாற்றம் எத்தனை வீட்டு அடுப்பை எரிய வைக்கிறது என்று தெரியும்.

இன்னொரு கணக்கும் உண்டு. உள்ளே இருக்க வேண்டியது உள்ளேயும், வெளியே இருக்க வேண்டியது வெளியேயும் இருக்க வேண்டும் என்பதுதானே வளையத்தின் தர்மம்? தோல் தொட்டிகளுக்கும் பாலாற்றுக்கும் நடுவே வெகுகாலம் அப்படி ஒரு வளையம் இல்லாமல் போயிற்று. உப்பும் ரசாயனமும் மண்ணில் இறங்கி, கிணறுகள் கெட்டன. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்டு 28-ஆம் தேதி உச்ச நீதிமன்றம், மாசு செய்தவனே அதற்கு ஈடு செய்ய வேண்டும் என்று தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பு தேசம் முழுவதற்கும் வழிகாட்டியாயிற்று. ஆனால் தேய்ந்த குடத்தை மாற்றுகிற மாதிரி, கெட்ட நிலத்தடி நீரைக் கழற்றி மாற்றிவிட முடியவில்லை.

பாய் பெட்டியைத் துழாவி ஒரு கெட்டியான கம்பளித் துண்டை எடுத்தார். பழைய உலோகக் கூட்டை அதன் மேல் வைத்துப் பென்சிலால் வட்டம் போட்டு, தோல் வெட்டும் அரிவாள்மணை மாதிரி வளைந்த ஒரு கத்தியால் ஒரே இழுப்பில் வெட்டினார். "தோலே போடலாமே பாய்?" என்றேன் ஆசையாக. "அத்தா போட்டார் சார். அப்ப ரோடு அப்படி, வேகம் அப்படி. உங்க வண்டியில என்ன போட்டு அனுப்பினானோ அதைத்தான் போடணும்" என்றார். எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். கட்டுரை எழுதுகிறவனுக்குத் தோல் வளையம் கிடைத்திருந்தால் சௌகரியமாக இருந்திருக்கும்.

புதுக் குடங்களில் கப்புகளை அடித்து இறக்கினார். அடி முடியும்போது சத்தம் மாறிக் கெட்டியாகக் கேட்டது. அடிவரை உட்கார்ந்துவிட்டது என்று அர்த்தம். கோனை வலது கையில் பிடித்து, இடது உள்ளங்கையில் இருந்த கிரீஸின் மேல் தட்டித் தட்டி, உருளைகளின் மறுபக்கம் கிரீஸ் பிதுங்கும்வரை ஏற்றினார். எண்ணெயில் ஊறிய வளையத்தைப் பிழிந்து வைத்தார். குடத்தை அச்சில் ஏற்றி, சக்கரத்தைச் சுற்றிக்கொண்டே நட்டை இறுக்கினார். பிறகு ஒரு பல் அளவு பின்னுக்குத் திருப்பினார்.

"இறுக்கியே விட்டுட்டா என்ன?"

"பத்து மைல்ல காய்ஞ்சு நீலம் பாய்ஞ்சிடும் சார். தளர்த்தி விட்டா ஆடி ஆடி உடையும். ஒரு மில்லிமீட்டர்ல பத்துல ஒரு பங்கு, அவ்வளவுதான் ஆட்டம் இருக்கணும்." புதுக் காட்டர் பின்னைப் போட்டு வளைத்தார். பழைய பின்னைப் போடவே கூடாது என்று என்னிடம் இரண்டு முறை சொன்னார்.

இப்போது வருகிற கார்களில் இந்த வேலை எதுவும் இல்லை. குடம், பேரிங், வளையம் மூன்றும் ஒரே சாமானாக வருகின்றன. கிரீஸ் போட வாய் கிடையாது. இறுக்கம் தொழிற்சாலையிலேயே தீர்மானமாகிவிடுகிறது. பல வண்டிகளில் வளையத்துக்குள்ளேயே காந்தம் வைத்து, சக்கரத்தின் வேகத்தை அதுவே பிரேக்குக்குச் சொல்கிறது. முனகல் கேட்டால் நாலு போல்ட்டைக் கழற்றி முழுசாகத் தூக்கிப் போட்டுவிட்டு வேறு மாட்டுகிறார்கள். அதுவும் நல்லதுதான். என்னைப் போன்றவர்களை உத்தேசித்துச் செய்தது.

சாயங்காலம் பாய் என்னை வாணியம்பாடி வரை ஓட்டிப் போய்வரச் சொன்னார். வந்ததும் குனிந்து இரண்டு குடங்களின் மேலும் புறங்கையை வைத்துப் பார்த்தார். வெதுவெதுப்பு, அவ்வளவுதான். அந்தக் காலத்து ரெயில்வே ஆள் ஞாபகத்துக்கு வந்தான்.

அன்று இரவு சென்னைக்குத் திரும்பும்போது பள்ளிகொண்டாவில் என் மனைவி தலையைச் சாய்த்துக் கேட்டுப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை.

நோட்டுப் புத்தகத்தைப் பற்றிச் சொல்கிறேன் என்றேன் அல்லவா? அப்பாவின் கணக்கு நோட்டு அது. டயர், பாட்டரி, எண்ணெய் என்று வரிசையாக எழுதியிருப்பார். வருஷம் ஒரு தடவை, தவறாமல், 'முன் ஹப் திறந்து கிரீஸ் மாற்றினது, வளையம் புதிது' என்று ஒரு வரி. கடைசி வரி அவர் படுக்கையில் விழுந்த வருஷத்தது. அதற்குப் பிறகு பதினோரு வருஷம் அந்த நோட்டில் எழுத்தே இல்லை. பஞ்சால் குத்தியவனைத் திட்டிக்கொண்டே சென்னை வந்து சேர்ந்த நான், அன்றிரவு அதைப் புரட்டிப் பார்த்துவிட்டுத் திட்டுவதை நிறுத்திக்கொண்டேன். குடத்தைத் தேய்த்தது அவன் அல்ல.

பேனாவை எடுத்து, அப்பாவின் வரிக்குக் கீழே தேதி போட்டு எழுதினேன்: முன் ஹப் இரண்டும் மாற்றினது, வளையம் புதிது.